கேளாத கேள்வி



1994இல் ருவண்டாவிலே இனப்படுகொலை மூண்டபோது, தாபா என்னும் ஊரிலே உயிருக்கஞ்சி ஓடிய துற்சிப் பெண்கள் ஆட்சிப் பணிமனையைத் தஞ்சமடைந்தனர். அவ்விடத்திலேயே வல்லுறவுக்கு ஆளாயினர். (கற்பழிப்பு என்ற சொல்லை நாம் கைவிட்டோம்; இழிவு செய்தவனுக்கேயன்றி அவளுக்கன்று.) ஆயினும், ஊர்த்தலைவன் அக்காயேசு மீது அருசா நீதிமன்றில் தாக்கலான முதற் குற்றப்பத்திரத்தில் இக்கொடுமை இடம்பெறவேயில்லை. 1997இல் தாயொருத்தி சாட்சிக்கூண்டில் நின்று, தன் ஆறு வயது மகளுக்கு நேர்ந்ததைச் சொன்னாள். முன்னர் வந்த விசாரணையாளர் அதைப்பற்றிக் கேட்கவேயில்லை என்றாள். மூன்று நீதிபதிகளுள் ஒரே பெண்மணி, டர்பனிலே பிறந்த, தமிழ்வழி வந்த நவநீதம் பிள்ளை. மேலும் வினாக்கள் எழுந்தன, பத்திரம் திருத்தப்பட்டது. வல்லுறவும் இனப்படுகொலைச் செயலாகலாம் என 1998 செப்ரெம்பர் 2ஆம் நாள் தீர்ப்பாயிற்று. அனைத்துலக நீதிமன்றொன்று அவ்வாறு தீர்த்தது அதுவே முதன்முறை.

இடம்பெயர்ந்தோரிடம் விபரம் திரட்டப் புறப்படும் எம் இளைஞர்கள், எத்தனை மூடை அரிசி, எத்தனை கூரைத்தகடு என்று குடும்பத்தலைவனிடம் கேட்டெழுதித் திரும்புகின்றனர். அவன் எதிரில் மனைவியோ மகளோ எதைச் சொல்வாள்? பெண்ணைத் தனியே, பெண்ணே கேட்கவேண்டும். சொல்ல மறுத்தால் வற்புறுத்தலாகாது; பெயரை ஏட்டில் எழுதலாகாது.

சட்டத்தரணிகளாகிய நாமும் குற்றமற்றவரல்லர். இத்தகைய சாட்சிக்குத் துணைச்சான்று வேண்டுவதில்லை என்றது அருசா நீதிமன்றின் 96ஆம் விதி. நாமோ, "துணைச்சான்று எங்கே?" என்று உறுக்கி, எத்தனை பெண்களைக் கூண்டிலிருந்து கண்ணீரோடு இறக்கியிருக்கிறோம்!