துப்பாக்கி வழக்கும் அதிகார வரம்பும்



சட்டவிரோதமாகத் துப்பாக்கி வைத்திருந்ததாக ஒருவர்மீது குற்றம் சாட்டப்படுகிறது. அவருடைய வழக்கறிஞர் எழுந்து, ‘இந்த விசாரணையே செல்லாது’ என்று வாதிடுகிறார். மறுநாள் நாளிதழைப் படிக்கும் நாம், ‘சட்டத்தின் ஓட்டையில் தப்பப் பார்க்கிறார்’ என்று சொல்லிவிடுகிறோம். அது சரிதானா என்று ஆராய்வதே இவ்வுரையின் நோக்கம்.

மலேசியச் சட்ட வரலாற்றில் இதற்குத் தக்க சான்று தே செங் போ வழக்கு. கைத்துப்பாக்கியும் தோட்டாக்களும் வைத்திருந்ததாக அவர்மீது 1960ஆம் ஆண்டு உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்க் குற்றம் சுமத்தப்பட்டது. துப்பாக்கி வைத்திருப்போரைத் தண்டிக்க ஆயுதச் சட்டமும் இருந்தது. அதன்படி சிறைத்தண்டனை போதும். பாதுகாப்புச் சட்டத்தின்படியோ மரண தண்டனை கட்டாயம். எந்தச் சட்டத்தின்கீழ் வழக்குத் தொடுப்பது என்பது சட்டத்துறைத் தலைவரின் முடிவு.

விசாரணை 1975ஆம் ஆண்டு அவசரகால விதிகளின்படி நடந்தது. சாட்சிச் சட்டத்தின் வழக்கமான பாதுகாப்புகளை அவை தளர்த்தின. வயது குறைந்தோரையும் அவை விட்டுவைக்கவில்லை. 1977இல் பினாங்கில் 14 வயதுச் சிறுவனுக்கு இவ்விதிகளின்படி மரண தண்டனை விதிக்கப்பட்டு, பின்னரே அது குறைக்கப்பட்டது.

தே செங் போவின் தரப்பு, வழக்கை இலண்டன் பிரிவி கவுன்சில்வரை கொண்டு சென்றது. 1969இல் செய்யப்பட்ட பாதுகாப்புப் பகுதிப் பிரகடனம் காலாவதியாகிவிட்டது என்ற வாதம் ஏற்கப்படவில்லை. கடுமையான சட்டத்தைத் தேர்ந்தெடுத்தது சமத்துவ உரிமைக்கு முரண் என்ற வாதமும் ஏற்கப்படவில்லை. மூன்றாவது வாதமே வென்றது. அரசமைப்புச் சட்டத்தின் 150ஆம் பிரிவின்படி, நாடாளுமன்றம் கூடாத காலத்தில்தான் மாமன்னர் அவசரச் சட்டம் இயற்ற இயலும். நாடாளுமன்றமோ 1971 பிப்ரவரி 20ஆம் நாளிலேயே கூடிவிட்டது. ஆகவே 1975ஆம் ஆண்டு விதிகள் செல்லா. அவற்றின்படி நடந்த விசாரணையும் செல்லாது. 1978இல் டிப்லாக் பிரபு வழங்கிய தீர்ப்பின் சாரம் இதுவே.

அத்தீர்ப்பு அவரைக் குற்றமற்றவர் என்று கூறவில்லை என்பதை நாம் உற்று நோக்கவேண்டும். அவரிடம் துப்பாக்கி இருந்ததா என்பது ஒரு வினா. அவரைத் தண்டிக்கும் அதிகாரம் முறையாகப் பிறந்ததா என்பது வேறொரு வினா. பின்னதற்கு விடை கிடைக்காமல் முன்னதை விசாரிக்கப் புகுவது, அடித்தளம் பாராமல் மாடி கட்டுவதாகும். அந்த மாடியின்மேல் நிற்பது ஓர் உயிர்.

நாடாளுமன்றம் 1979இல் சட்டம் இயற்றி, அவ்விதிகளை முன்தேதியிட்டுச் செல்லுபடியாக்கியது உண்மையே. அப்படியானால் அந்த வழக்கால் என்ன பயன் என்று கேட்கலாம். ஆணையால் முடிந்த செயலுக்கு, மக்கள் பிரதிநிதிகள் வெளிப்படையாகக் கைதூக்கிப் பொறுப்பேற்க வேண்டியதாயிற்று. அது சிறிய பயனன்று. பாதுகாப்புச் சட்டம் 2012இல் நீக்கப்பட்டது. கட்டாய மரண தண்டனை 2023இல் ஒழிந்தது. அவ்வழக்கு எழுப்பிய வினா மட்டும் பழையதாகவில்லை.

மொழியைப் பேணும் நமக்கு இதில் ஒரு கடமை உண்டு. விசாரணையின் செல்லுபடியை ஒருவர் மறுக்கும்போது, ‘தப்ப முயன்றார்’ என்று எழுதாமல், ‘அதிகார வரம்பை வினவினார்’ என்று எழுதப் பழகுவோம். குற்றஞ்சாட்டப்பட்டவரைக் குற்றவாளி என்று தீர்ப்புக்கு முன்பே அழைப்பதைக் கைவிடுவோம். நம் சொல் நடுநிலை தவறாதிருப்பின், நம் மனமும் நடுநிலையில் நிற்கும்.