நூறும் சுழியமும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



பிழைப்பின் பொருட்டு ஊர்விட்டு வந்து இக்காலனியில் கூடி வாழும் நமக்கு, தொலைக்காட்சியில் காணும் கிரிக்கெட் ஒரு பொதுத் திண்ணையாகவே அமைந்துவிட்டது. அத்திண்ணையில் அமர்ந்து நாம் கண்ட ஒரு சிறுவனைப் பற்றிச் சில சொற்கள் கூற விழைகின்றோம்.

பீகார் மாநிலத்துச் சமஸ்திப்பூர் மாவட்டத்தைச் சேர்ந்தவர் வைபவ் சூர்யவன்ஷி. 2025-ஆம் ஆண்டு ஏப்ரல் 19-ஆம் நாள், தம் 14-ஆம் வயதில், ராஜஸ்தான் ராயல்ஸ் அணிக்காக ஜெய்ப்பூரில் ஐ.பி.எல். அரங்கேற்றம் கண்டார். முதற்பந்தையே சிக்சராக்கினார். 34 ஓட்டங்களில் ஆட்டமிழந்து, கண்கலங்கியவாறே வெளியேறினார். ஏப்ரல் 24-இல் பெங்களூரில் எடுத்தவை 16. ஏப்ரல் 28-இல் குஜராத் அணிக்கு எதிராக 35 பந்துகளில் நூறு! ஆடவர் இருபது ஓவர் ஆட்டத்தில் அத்துணை இளம் வயதில் அதற்குமுன் எவரும் நூறு கண்டதில்லை. காலில் காயமுற்றுச் சக்கர நாற்காலியில் இருந்த பயிற்சியாளர் ராகுல் திராவிட், தம்மை மறந்து எழுந்து நின்றார். மூன்றே நாள் சென்றது. மே 1-ஆம் நாள் மும்பை அணிக்கு எதிராக இரண்டே பந்துகள், எடுத்தது சுழியம்.

அன்பர்களே! இரு நாளும் களத்தில் நின்றவன் ஒரே சிறுவன்தான். காட்சிப்பெட்டியோ முதலில் அவனை வானளாவ உயர்த்திற்று. பின்னர் அவன் தலைகுனிந்து நடந்ததையும் நாடறியக் காட்டிற்று. பதினான்கு வயது உள்ளம் இவ்விரண்டையும் சுமக்க வேண்டியிருந்தது. அந்த நூறு நாளில் மறுமுனையில் ஜெய்ஸ்வால் ஆட்டமிழக்காது 70 ஓட்டங்கள் எடுத்தார். இருவரும் சேர்ந்து குவித்தவை 166. துணை நின்றவரை எத்தனை இல்லங்களில் நினைத்தனர்?

சச்சின் டெண்டுல்கரை எண்ணிப் பாருங்கள். 1989-இல், 16-ஆம் வயதில், முதல் டெஸ்டில் அவர் எடுத்தவை 15; முதல் ஒருநாள் போட்டியில் சுழியம். ஒருநாள் போட்டிகளில் அவருடைய முதல் சதம் வந்தது 1994-இல், 79-ஆவது ஆட்டத்தில். முந்தைய 78 ஆட்டங்களிலும் அவருக்கு இடமளித்துக் காத்திருந்தார்களே, அந்தப் பொறுமையன்றோ பின்வந்த பெருமைக்கு அடித்தளம்!

நம் இல்லங்களிலும் பிள்ளைகள் வளர்கின்றனர். "அவனைப் பார், உன் வயதுதானே!" என்று தொலைக்காட்சியைச் சுட்டி அவர்களை அளக்க வேண்டா. ஒருவன் பதினான்கில் மலர்வான்; ஒருவன் இருபத்தைந்தில் மலர்வான். நூறு எடுத்து வருபவனுக்கும் சுழியத்தோடு திரும்புபவனுக்கும் வீட்டில் ஒரே சோறும் ஒரே அன்பும் காத்திருக்கட்டும். இன்று மாலை நம் சங்கத்துச் சிறுவர்கள் ஆடவிருக்கின்றனர். வெல்வோர்க்குத் தட்டும் கைகள் தோற்போர்க்கும் தட்டட்டும் என வேண்டி அமைகின்றோம்.