டெல்லி கணேஷ்: மேடையும் திரையும்



சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதை ஆடுமகளின் சிறப்பை மட்டும் பேசி அமையவில்லை. குழலோனுக்கும் யாழாசிரியனுக்கும் தண்ணுமை முதல்வனுக்கும் தனித்தனியே இலக்கணம் வகுத்தது. திரைப்படத்தைப் பற்றிப் பேசும் நம் காலமோ நாயகனைக் கண்டதும் நின்றுவிடுகிறது. உடன் நிற்பவரை ஏறிட்டுப் பார்ப்பதில்லை. அவ்வாறு உடன் நின்றே நானூறுக்கு மேற்பட்ட படங்களில் நடித்தவர் டெல்லி கணேஷ்.

1944இல் வல்லநாட்டில் பிறந்த கணேசன், 1964 முதல் பத்தாண்டுகள் இந்திய விமானப்படையில் பணிபுரிந்தார். தலைநகரில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடை அவரை ஈர்த்தது. பின்னர்ச் சென்னையில் காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் நடித்தார். விசுவின் நாடகமான 'பட்டினப் பிரவேச'த்தைத் திரைக்குக் கொணர்ந்த கே. பாலசந்தர், அவரைத் திரையில் அறிமுகப்படுத்தி, 'டெல்லி'யைப் பெயரின் முன் சேர்த்தார். நெல்லைச் சீமைக்காரருக்கு வடபுலத் தலைநகரின் பெயரே நிலைத்தது ஒரு வேடிக்கை.

மேடை அவருக்கு அளித்த பெருஞ்செல்வம் குரல். ஒலிபெருக்கியை மட்டும் நம்பாமல் கடைசி வரிசைக்கும் சொல் சென்று சேரவேண்டும் என்ற பயிற்சி அது. ஆயினும் திரையில் அவர் உரத்துப் பேசியவர் அல்லர். மேடையின் தெளிவை வைத்துக்கொண்டு அதன் உரப்பைக் களைந்தார். நாடகத்திலிருந்து வந்த பலருக்கு இது கைவரவில்லை. '47 நாட்கள்' (1981) படத்தில் சிரஞ்சீவிக்கு ஒலித்த தமிழ்க்குரல் இவருடையதே.

துரை இயக்கிய 'பசி' (1979) அவரது ஆற்றலுக்கு உரைகல். சென்னைக் குடிசைப்பகுதியில் ரிக்‌ஷா இழுக்கும் தந்தை வேடம். நெல்லைத் தமிழில் வளர்ந்த நாவுக்குச் சென்னைப் பேச்சு இயல்பானதன்று. அதைக் கேலிப்பொருளாக்கிச் சிரிப்பு வாங்குவது எளிது. அவர் அதைச் செய்யவில்லை. அம்மனிதனின் இயலாமையையும் வீட்டுப் பாசத்தையும் அப்பேச்சின் வழியே புலப்படுத்தினார். தமிழக அரசின் சிறப்புப் பரிசு அவ்வேடத்திற்குக் கிடைத்தது. 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) படத்தில் மலையாள வாடை வீசும் பாலக்காட்டுத் தமிழ். இவ்விரு படங்களையும் அடுத்தடுத்துக் கேட்பவர் வட்டார வழக்காய்வுக்கு ஒரு பாடமே பெறலாம்.

'சிந்து பைரவி'யில் (1985) அவர் மிருதங்கக் கலைஞர் குருமூர்த்தி. குடித்துவிட்டு வந்தவரைப் பாடகர் ஒதுக்கி, மிருதங்கமின்றியே கச்சேரி செய்துவிடுகிறார். தன் தவறு தனக்கே தெரிந்த கலைஞனின் கூச்சம் அம்முகத்தில் தெரிகிறது. பின்னர் அப்பாடகரே குடியில் வீழும்போது, முன்னைய காட்சிக்குப் புதிய கனம் கூடுகிறது. பக்கவாத்தியக்காரனைச் சரியாக நிறுத்தாதிருந்தால் நாயகனின் வீழ்ச்சி இத்துணை உறைத்திராது.

'நாயக'னில் (1987) வேலுவின் நம்பிக்கைக்குரிய ஐயர். 'அபூர்வ சகோதரர்க'ளில் (1989) கொடியவன். இத்தகைய விரிவு இருந்தும், பிற்காலத்தில் திரையுலகம் அவரை நல்ல தந்தையாகவும் அக்ரகாரத்துப் பெரியவராகவும் திரும்பத் திரும்ப அழைத்தது. 'பசி'யைப் பார்த்த எவரும் இதைக் கதாசிரியர்களின் சோம்பல் என்றே சொல்வர். கலைமாமணி விருது 1994இல் வந்தது. நாயகர்களைப் பற்றி எழுந்த நூல்களுடன் ஒப்பிட்டால், அவர் நடிப்பைப் பற்றிய எழுத்து மிகக் குறைவு.

2024 நவம்பர் 9ஆம் நாள், தம் எண்பதாம் வயதில், சென்னையில் காலமானார். அரைநூற்றாண்டுக்கு முன் விட்டுவந்த விமானப்படையினர் வந்து, தம் பழைய வீரருக்கு இறுதி மரியாதை செலுத்திச் சென்றனர்.