பீற்றர் ஃபோக்: கசங்கிய மழையங்கிக்குள் ஒரு கலைஞர்



துப்பறியும் கதை என்றதும் இலக்கிய ஆர்வலர் சிலர் முகஞ்சுளிப்பதுண்டு. தொலைக்காட்சித் துப்பறியும் நாடகம் என்றால் சொல்லவே வேண்டாம். ஆயினும், நல்ல நடிகர் ஒருவர் வாய்த்தால் அந்த நாடகமும் மனித இயல்பை ஆராயும் கலையாக உயரலாம். அமெரிக்க நடிகர் பீற்றர் ஃபோக் அதற்குச் சிறந்த உதாரணம்.

இவர் 1927 இல் நியூயோர்க்கில் பிறந்தவர். மூன்று வயதிலேயே புற்றுநோய் காரணமாக இவரது வலது கண் அகற்றப்பட்டது. பொது நிருவாகத்தில் முதுமாணிப் பட்டம் பெற்று, கனெற்றிக்கட் மாநில அரசில் உத்தியோகம் பார்த்தார். ஓய்வு நேரங்களில் நாடகக் குழுவொன்றில் நடித்தார். முப்பது வயதை நெருங்கும்போது, நிரந்தர வேலையை உதறிவிட்டு நியூயோர்க் மேடையை நாடினார். செயற்கைக் கண்ணைக் காரணங்காட்டித் திரைப்பட நிறுவனமொன்று இவரை நிராகரித்தது. ஆனால் 1960 இலும் 1961 இலும் வெளியான இரு படங்களுக்காக, சிறந்த துணை நடிகருக்கான ஒஸ்கார் விருதுக்கு அடுத்தடுத்துப் பரிந்துரைக்கப்பட்டார்.

ஃபோக்கிற்குப் பெரும்புகழ் தந்தது லெப்டினன்ட் கொலம்போ என்ற பாத்திரம். இதைப் படைத்தவர்கள் ரிச்சர்ட் லெவின்சன், வில்லியம் லிங்க் ஆகியோர். தஸ்தயேவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' நாவலில் வரும் விசாரணை அதிகாரி பொர்பிரியின் சாயல் இப்பாத்திரத்தில் உண்டு. ஃபோக்கிற்கு முன்னரே வேறு இருவர் இதில் நடித்திருந்தனர். 1968 இல் ஃபோக் ஏற்ற பின்னரோ, அது அவருக்கே உரியதாயிற்று.

கொலையாளி யார் என்பது தொடக்கத்திலேயே நமக்குத் தெரிந்துவிடும். ஆகவே, முழுப் பாரமும் நடிகரின் தோளில்தான். கசங்கிய மழையங்கி, கையில் சுருட்டு, தலையைச் சொறிந்தபடி தடுமாறும் பேச்சு. விடைபெற்று வாசல்வரை சென்றவர், திரும்பி வந்து இன்னொரு கேள்வி கேட்பார். செல்வமும் செருக்கும் மிக்க குற்றவாளிகள் இவரை அற்பமாக மதிக்கின்றனர். அந்த மதிப்பீடே அவர்களை வீழ்த்துகிறது. எளியவனை ஏளனஞ் செய்யும் சமூகத்தின் மீதான விமர்சனமாகவே நான் இதனைக் காண்கிறேன். குறையுடையவர் எனத் தள்ளிவைக்கப்பட்ட ஒருவர் இதை நடித்தார் என்பது, அதற்குக் கூடுதல் அழுத்தம் தருகிறது.

குறையும் உண்டு. 2003 வரை நீண்ட இத்தொடரின் பிற்காலக் கதைகளில் பழைய இறுக்கம் இல்லை. உத்தி பழகிப்போய்விட்டது.

ஆனால், ஃபோக் ஒரே முகமூடிக்குள் அடங்கியவரல்லர். ஜோன் கசவெட்டிஸ் 1974 இல் நெறிப்படுத்திய 'எ வுமன் அண்டர் தி இன்ஃபுளுவன்ஸ்' படத்தைப் பார்த்தவர்கள் இதை உணர்வர். மனைவியின் மனநிலை குலைவதைக் கண்டு, அன்பும் ஆத்திரமுமாகத் திணறும் தொழிலாளியாக அதில் வருகிறார். கொலம்போ எல்லாம் அறிந்தவர்; இந்தக் கணவனோ எதுவும் புரியாதவன். இரண்டையும் ஒருவரே நம்பும்படி நடித்தார்.

2011 இல் ஃபோக் மறைந்தார். பிறரை நிதானமாகக் கவனிப்பதும், பேசவிட்டுக் கேட்பதும் எழுத்தாளனுக்கும் தேவையான பண்புகள். அவற்றை இந்தக் கலைஞரிடமும் நாம் கற்கலாம்.