வாய் நாற்றம் என்று ஒதுக்காதீர்கள்

(நமது சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



பி.காம். படித்து வங்கியில் கிளார்க்காக இருந்தவன் நாய், பூனையின் பல்லைப் பற்றிப் பேசலாமா என்று கேட்பீர்கள். இருபது வருடமாக இரண்டையும் வளர்க்கிறேன். கால்நடை மருத்துவர்கள் எனக்குச் சொன்னதைத்தான் உங்களுக்குச் சொல்கிறேன்.

"நாய் வாய் நாறுகிறது" என்று லிஃப்டில் முகம் சுளிக்கிறோம். நாய் என்றால் அப்படித்தான் என்கிறோம். அப்படியில்லை. கடுமையான வாய் நாற்றம் பெரும்பாலும் ஈறு நோயின் அடையாளம்.

நாய்க்கு 42 பற்கள், பூனைக்கு 30. பல்லில் படியும் கிருமிப் படலம் சில நாட்களிலேயே காரையாக இறுகிவிடும். ஈறு சிவந்து வீங்கும், ரத்தம் கசியும். அப்போதே கவனித்தால் சரியாகிவிடும். விட்டால் பல்லைத் தாங்கும் எலும்பு கரையும். கரைந்த எலும்பு திரும்ப வளராது. கட்டாத கடனுக்கு வட்டி ஏறுவது போலத்தான்.

"நன்றாகச் சாப்பிடுகிறதே" என்று இருந்துவிடாதீர்கள். வலியோடும் அவை சாப்பிடும். ஒரு பக்கமாக மெல்லுவது, இரையை வாயிலிருந்து நழுவ விடுவது, எச்சில் வடிவது, பூனை தன் உடம்பை நக்காமல் இருப்பது எல்லாம் அறிகுறிகள். நாய்க்குக் கண்ணுக்குக் கீழே வீங்கினால், மேல் கடைவாய்ப் பல்லின் வேரில் சீழ் கட்டியிருக்கலாம். நம் கடலோரத்தில் சூடை மீனை முள்ளோடு போடுகிறோம். திடீரென்று வாயைப் பிறாண்டினால் முள் சிக்கியிருக்கலாம்.

ஒரு எச்சரிக்கை. எச்சில் வடித்து, விழுங்க முடியாமல் தவிக்கும் நாயின் வாயில் கை விடாதீர்கள். வெறிநோயாகவும் இருக்கலாம். கடித்தாலோ, எச்சில் காயத்தில் பட்டாலோ ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவிவிட்டு, உடனே அரசு மருத்துவமனைக்குப் போய்த் தடுப்பூசி போட்டுக்கொள்ளுங்கள்.

வீட்டில் செய்ய வேண்டியது எளிது. வாரம் ஒருமுறை உதட்டைத் தூக்கி ஈறைப் பாருங்கள். மென்மையான பிரஷ்ஷால் தினமும் தேய்த்துப் பழக்குங்கள். நாம் பயன்படுத்தும் பேஸ்ட் வேண்டாம். சிலவற்றில் இருக்கும் சைலிட்டால் நாய்க்கு விஷம். வலிக்கிறதென்று பாராசிட்டமால் கொடுக்காதீர்கள். ஒரு மாத்திரையே பூனையைக் கொன்றுவிடும். கெட்டியான எலும்பு பல்லைச் சுத்தம் செய்யாது, உடைத்துவிடும்.

இறுகிய காரையை வீட்டில் சுரண்டக் கூடாது. ஈறுக்கு அடியிலும் சுத்தம் செய்ய வேண்டும். அதற்கு மயக்க மருந்து தேவை. முதலில் அருகிலுள்ள அரசு கால்நடை மருத்துவமனையில் காட்டுங்கள். பெரிய சிகிச்சை தேவைப்பட்டால் திருநெல்வேலி ராமையன்பட்டியில் கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது.

வயதான நாயை நாற்றத்துக்காகத் தெருவில் விடுபவர்கள் உண்டு. அந்த முடிவுக்கு முன் ஒரு தடவை அதன் வாயைத் திறந்து பாருங்கள். பத்து வருடம் நம் வாசலைக் காத்த ஜீவன் பல்வலியோடு நிற்கிறது. அதற்குச் சொல்லத் தெரியாது.