வசனமில்லாமல் கடனை அடைத்த படம்

ஜப்பானில் கானெதோ ஷிந்தோ என்று ஒரு கலைஞர். திரைக்கதை எழுதியவர், இயக்கியவர். ஆனால் தயாரிப்பாளராக அவர் பட்ட பாட்டைத்தான் இன்று பேச ஆசைப்படுகிறேன்.

1950இல் ஷோச்சிக்கு என்ற பெரிய ஸ்டுடியோவை உதறிவிட்டு வந்தார். இயக்குநர் யோஷிமுரா, நடிகர் தோனோயாமா ஆகியோருடன் சொந்த நிறுவனம் தொடங்கினார். 1952இல் ஆசிரியர் சங்க ஆதரவோடு, தான் பிறந்த ஹிரோஷிமா மண்ணைப் பற்றி ஒரு படம். 1959இல், பிகினித் தீவு அணுகுண்டுச் சோதனையில் சிக்கிய மீனவர்களைப் பற்றி இன்னொன்று. அருமையான படம்தான், கூட்டம் வரவில்லை. கடன் கழுத்தை நெரித்தது. கம்பெனியை மூடுமுன் கடைசியாக ஒன்று எடுப்போம் என்று இறங்கினார்.

அதுதான் 1960இல் வந்த ‘மொட்டைத் தீவு’. கையில் இருந்தது சுமார் 50 லட்சம் யென். அன்றைய சாதாரணப் படச் செலவில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு! சின்னஞ்சிறு குழு, ஒரே தீவு. நாயகன் கூட்டாளி தோனோயாமாவேதான். நாயகி நோபுகோ ஓத்தோவா. பக்கத்துத் தீவிலிருந்து படகில் நன்னீர் கொண்டுவந்து, காவடியில் சுமந்து மேடேறி, செடிக்குச் செடி ஊற்றும் ஒரு குடும்பம். ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் ஓடும் படத்தில் வசனம் கிடையாது. துடுப்பின் ஓசையும் ஹயாஷியின் இசையும்தான் பேசுகின்றன.

எங்கள் திரைப்படக் கழகம் கிராமங்களில் இதைத் திரையிட்டிருக்கிறது. மனைவி கால் இடறி ஒரு வாளித் தண்ணீரைக் கொட்டிவிடுகிறாள். கணவன் ஓங்கி அறைகிறான். பெண்கள் பக்கமிருந்து “அடப்பாவி!” என்று ஒரு குரல். படம் முடிந்ததும் ஒரு பாட்டி என்னிடம் வந்தார். “கொட்டுன தண்ணிய அவளும்தானே சுமந்தா? அவனுக்கு மட்டுமா வலிக்கும்?” என்று கேட்டார். ஒரு சொல்கூட மொழிபெயர்க்காமல் ஷிந்தோவின் படம் அந்தப் பாட்டியிடம் போய்ச் சேர்ந்திருந்தது!

வெளிநாட்டு விற்பனைக்கும் இதுவே கைகொடுத்தது என்பது என் எண்ணம். டப்பிங் தொல்லை இல்லை பாருங்கள். 1961இல் மாஸ்கோ விழாவின் பெரும்பரிசைப் பகிர்ந்துகொண்ட படம், 60க்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்பனையானது. கடன் தீர்ந்தது, கம்பெனி பிழைத்தது.

அதன்பின் அரை நூற்றாண்டு வேலை செய்தார். இரண்டாம் உலகப் போரில் அவருடைய படைப்பிரிவில் இருந்த 100 பேரில் உயிர்தப்பியவர்கள் 6 பேர்தான். அந்த நினைவை வைத்து 98 வயதில் ‘அஞ்சலட்டை’ எடுத்தார். 2012இல், நூறு வயதில் மறைந்தார். நேரம் நெருங்கிவிட்டது. உங்கள் ஊர்த் திரைப்படக் கழகத்தாரிடம் ‘மொட்டைத் தீவை’ப் போடச் சொல்லிக் கேளுங்கள், போகும்போது வீட்டுப் பெரியவர்களையும் அழைத்துப் போவீர்கள் என்று நம்புகிறேன்.