பரண் மேல் இருப்பதையும் எண்ணுங்கள்

(முன்னாள் மாணவர் சந்திப்பின் காலை அமர்வில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"உன் தொழிலைப் பற்றிப் பத்து நிமிஷம் பேசுப்பா" என்று சங்கச் செயலாளர் கேட்டபோது தயங்கினேன். கம்பெனிகளின் சர்வர்களில் ஓடுகிற வேலையை கிளவுடுக்கு மாற்றிக் கொடுப்பது என் தொழில். சர்வர் என்றதும் நம் கேன்டீன் ஞாபகம் வந்தால் அதற்கு நான் பொறுப்பல்ல. கிளவுட் என்றதும் யாரும் மேலே பார்க்கவும் வேண்டாம். எல்லாம் தரையில் கட்டிய கட்டடங்கள்தான். மைக்ரோசாஃப்ட் 2015-இல் புனே, மும்பை, சென்னையில் திறந்தது. அமேசான் 2016-இல் மும்பையிலும் 2022-இல் ஹைதராபாத்திலும் திறந்தது. நம் மெஷின் செய்த வேலையை அங்கே உள்ள மெஷினில் வாடகைக்குச் செய்துகொள்கிறோம், அவ்வளவுதான்.

ஆக, இது வீடு மாற்றுகிற வேலை. லாரி வருகிற நாள் பெரிய கஷ்டமில்லை, அதற்கு முந்தின மாதம்தான் கஷ்டம் என்பது வீடு மாற்றியவர்களுக்குத் தெரியும். கட்டிலும் பீரோவும் எல்லார் கண்ணிலும் படும். பரண் மேல் பாட்டி ஏற்றி வைத்த பித்தளை அண்டாவை யாரும் எண்ணுவதில்லை. நான் பேச வந்தது அந்தப் பரணைப் பற்றி.

ஒரு கம்பெனிக்குள் நுழைந்தால் முதலில் ஒரு எக்செல் பட்டியல் தருவார்கள். எங்கே எந்த மெஷின் இருக்கிறது, அதில் என்ன ஓடுகிறது என்று அதில் இருக்கும். நம்ம ஊர் வாக்காளர் பட்டியல் மாதிரிதான் அதுவும். எப்போதோ செத்துப்போன மெஷின் அதில் உயிரோடிருக்கும். ஓடிக்கொண்டிருக்கிற மெஷினுக்குப் பேர் இருக்காது. அதனால் நாமே போய் எண்ணவேண்டும். இதற்கு அமேசானும் மைக்ரோசாஃப்டும் கருவிகள் வைத்திருக்கின்றன. எந்த மெஷின் எவ்வளவு சி.பி.யூ., எவ்வளவு மெமரி தின்கிறது, எந்த மெஷின் எதோடு பேசுகிறது என்று வாரக்கணக்கில் குறித்துக்கொண்டே இருக்கும்.

எதோடு எது பேசுகிறது என்பது ஏன் முக்கியம்? ஒரு சின்னக் கணக்குப் போடலாம். சென்னைக்கும் மும்பைக்கும் ஆகாய வழியில் ஆயிரம் கிலோமீட்டருக்குச் சற்று மேல். கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடும். நூல் பிடித்தாற்போல் கேபிள் போட்டாலும் ஒருமுறை போய்வர 10 மில்லிசெகண்டு. ஒரு புரோகிராம் டேட்டாபேஸிடம் 20,000 கேள்வியை ஒவ்வொன்றாகக் கேட்கிறது என்று வையுங்கள். இரண்டும் ஒரே அறையில் இருந்தபோது, ஒரு கேள்விக்கு அரை மில்லிசெகண்டு வீதம், பத்தே நொடியில் முடிந்த வேலை. டேட்டாபேஸை மட்டும் மும்பைக்கு அனுப்பிவிட்டால் பயணத்துக்கே 200 நொடி. கவுன்டரில் நிற்கிறவர் நம்மைத் திட்டுவார். யாரை யாரோடு சேர்த்து லாரியில் ஏற்றுவது என்பது தெரிந்தாக வேண்டும்.

இன்னொரு கணக்கும் உண்டு. மாணவர்கள் இதைக் கவனிக்கவேண்டும். புது இடத்தில் எவ்வளவு பெரிய மெஷின் வேண்டும் என்று சொல்ல, மைக்ரோசாஃப்டின் கருவி நாம் மாற்றாதவரை 95-ஆவது பெர்சன்டைலை எடுத்துக்கொள்ளும். அதாவது உச்சியில் உள்ள 5 சதவீதத்தைத் தள்ளிவிடும். நல்ல வழக்கம்தான், வீண் செலவு குறையும். ஆனால் 30 நாளுக்கு 720 மணி. அதில் 5 சதவீதம் 36 மணி. மாதக் கடைசியில் ஒரே ராத்திரி மூச்சுமுட்ட ஓடுகிற சம்பளக் கணக்கு மொத்தமும் அந்த 36 மணிக்குள் காணாமல் போய்விடும். கருவி பொய் சொல்லவில்லை. நாம்தான் கேட்கவில்லை.

இவ்வளவு தெரிந்த நானே கோட்டை விட்டேன். அதையும் சொல்லிவிடுகிறேன். 2019-இல் நடந்தது. கம்பெனி பெயர் வேண்டாம். பொதுமக்களிடம் டெபாசிட் வாங்கி மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி கொடுக்கிற நிறுவனம். டெபாசிட் போட்டவர்களில் பாதிக்கு மேல் ரிட்டயர் ஆனவர்கள். ஏப்ரல் நடுவில் கருவியைப் போட்டு, மே நடுவரை நான்கு வாரம் பார்த்தோம். மூலையில் ஒரு பழைய மெஷின். சி.பி.யூ. ஏறவே இல்லை. யாரோடும் பேசவில்லை, வரைபடத்தில் தனியாக ஒரு புள்ளி. பட்டியலில் 'பழைய பிரிண்டர் சர்வர்' என்று எழுதியிருந்தது. 'மூடிவிடலாம்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டவன் நான்தான். ஜூன் மாதம் மூடினோம்.

ஜூலை முதல் தேதி வட்டி போகவில்லை. எந்தப் பிழைச் செய்தியும் வரவில்லை. அணைத்து வைத்த மெஷின் எங்கிருந்து புகார் செய்யும்? மூன்றாம் தேதி ஆட்கள் வரத் தொடங்கினார்கள். கையில் பாஸ்புக்கோடு ஒரு பெரியவர், ரிட்டயர்டு வாத்தியார், "தம்பி, மாத்திரை வாங்கணும், இன்னிக்கு வருமா, நாளைக்கு வருமா, அதை மட்டும் சொல்லுங்க" என்றார். என்னால் சொல்ல முடியவில்லை. எங்கே அறுந்தது என்றே அப்போது எனக்குத் தெரியாது.

கடைசியில் அந்த ஆபீஸ் பியூன்தான், "பழைய இ.டி.பி. செக்‌ஷன் சாரைக் கூப்பிட்டுப் பாருங்க" என்றார். முந்தின வருஷம்தான் ஓய்வு பெற்றவர். ஆட்டோவில் வந்து இறங்கினார். மூலையைப் பார்த்தார். "இதையா அணைச்சீங்க?" என்றார். வட்டித் தொகைகளை எடுத்து, வங்கி கேட்கிற அமைப்பில் ஃபைலாக்கி அனுப்புகிற ஸ்கிரிப்ட், காலாண்டுக்கு ஒரே ஒரு ராத்திரி, அந்த மெஷினில்தான் ஓடியிருக்கிறது. நாங்கள் பார்த்த நான்கு வாரத்தில் அந்த ராத்திரி இல்லை. நல்லவேளை, டிஸ்க்கை அழிக்கவில்லை. எங்கள் குழுவில் புதிதாகச் சேர்ந்த பெண் ஒருத்தி, "மூணு மாசம் போகட்டும் சார்" என்று பிடிவாதம் பிடித்திருந்தாள். அன்று சாயங்காலமே மெஷினை ஏற்றினோம். ஐந்தாம் தேதி பணம் போய்ச் சேர்ந்தது.

கிளம்பும்போது அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். சிரித்துக்கொண்டே, "தம்பி, நீங்க மெஷினையெல்லாம் கேட்டீங்க. என்னை யாரும் கேக்கலையே" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால்கூட இவ்வளவு நாள் உறுத்தியிருக்காது.

அதற்குப் பிறகு கருவியை ஓடவிட்டுவிட்டு நேராகக் கணக்குப் பிரிவுக்குத்தான் போகிறேன். அவர்கள் மேஜை மேல் இருக்கிற தினசரி காலண்டரைக் கேட்டு வாங்குகிறேன். டி.டி.எஸ். கட்டுகிற 7-ஆம் தேதி, ஜி.எஸ்.டி. படிவம் போகிற 20-ஆம் தேதி, முன்வரி கட்டுகிற ஜூன், செப்டம்பர், டிசம்பர், மார்ச் 15, அப்புறம் தீபாவளி போனஸ். அந்த நாட்களில் என்னென்ன ஓடும் என்று கேட்டு எழுதுகிறேன். ஒவ்வொரு மெஷினுக்கும் நேரே, "இது நின்றால் முதலில் யார் போன் பண்ணுவார்?" என்று ஒரு கட்டம் போடுகிறேன். அந்தக் கட்டம் காலியாக இருந்தால் மூடுவதில்லை. முதலில் நெட்வொர்க் கேபிளை மட்டும் பிடுங்கிவிட்டு, ஒரு முழுக் காலாண்டு காத்திருப்போம். செலவுதான், வாடிக்கையாளர் முணுமுணுப்பார். அவருக்கு அந்த வாத்தியார் கதையைச் சொல்வேன்.

நம் கல்லூரித் தேர்வுப் பிரிவில் ஒரு பழைய மெஷின் இன்னும் ஓடுகிறதாம். நேற்று பேச்சுவாக்கில் கேள்விப்பட்டேன். அது என்ன செய்கிறது என்று நாலு பேரைக் கேட்டேன். நாலு பதில் வந்தது. இறுதியாண்டு மாணவர்கள் யாராவது இரண்டு பேர் ப்ராஜெக்டாக எடுத்துக்கொண்டால், மாதம் ஒருமுறை நானும் வந்து கூட உட்காருகிறேன். முதல்வர் அவர்கள் அனுமதி தரவேண்டும். அந்தப் பிரிவில் நீண்ட நாள் வேலை பார்த்த கிளார்க் வருகிற மே மாதம் ஓய்வு பெறுகிறாராம். அதனால் கொஞ்சம் சீக்கிரம் தொடங்கினால் நல்லது.

சாப்பாட்டு மணி அடித்துவிட்டது. வணக்கம்.